பிழை விடச் சொன்ன வகுப்பு

சென்ற மாதம் எங்கள் பாடசாலையில் ஒரு கூட்டம் நடந்தது. டெனிஷ் நகரமான ஒடென்சேயில் நான் கணிதம் படிப்பிக்கும் பாடசாலை. மேல் வகுப்புகளுக்கு இணையவழிப் பாடங்களை நிரந்தரமாக்கலாமா என்று ஆராய்வதற்குக் கொம்யூன் என்கிற நகரசபையிலிருந்து ஒருவர் வந்திருந்தார். திரையில் மூன்று கேள்விகளைப் போட்டார். எத்தனை பேர் சேருவார்கள், சேர்ந்தவர்கள் என்ன படிப்பார்கள், அதற்கு என்ன செலவாகும். நாங்கள் கோப்பியைக் குடித்துக்கொண்டு தலையாட்டினோம். இதில் பழைய அனுபவம் உள்ளவர்கள் யாராவது இருக்கிறீர்களா என்று அவர் கேட்டபோது நான் கையைத் தூக்கவில்லை. தூக்கியிருந்தால் மூன்று கேள்விக்கும் என்னிடம் பதில் இருந்தது. சேர்ந்தது ஒரு ஆள், நான்தான். படித்தது, பிழை விடுவது எப்படி என்று. செலவு, அப்பாவின் முதுகு.

ஊரில் சண்டை முடிந்த வருடம் அது. நாங்கள் அப்போது விபோர்க்கில் இருந்தோம். எனக்குப் பதினொரு வயது. அப்பா பன்றி வெட்டும் தொழிற்சாலையில் வேலை செய்தார். அம்மா முதியோர் இல்லத்தில். எங்கள் வீட்டுக் கணினி வரவேற்பறை மூலையில், அம்மா தைத்த பூப்போட்ட துணியால் மூடப்பட்டு, சாமிப் படத்துக்கு அடுத்த மரியாதையோடு இருந்தது. அதைத் திறப்பதற்குக் காரணம் வேண்டும். காரணம் பெரியம்மா வடிவத்தில் வந்தது.

பெரியம்மா என்றால் அம்மாவின் ஒரே அக்கா. கிளிநொச்சிப் பக்கத்தில் கணக்கு ரீச்சர். பெரியப்பா காலமாகிப் பல வருடமாயிற்று. ஒரே மகன், எனக்கு அண்ணா. பெரியம்மாவுக்குக் கண்ணில் படலம் வளர்ந்து, கொழும்புக்குப் போய் வெட்டி எடுத்தால்தான் பார்வை தங்கும் என்று டொக்டர் சொல்லிவிட்டார். அந்த நாட்களில் வன்னியை விட்டு வெளியே வருவதற்குப் பாஸ் வேண்டும். பாஸ் எடுப்பதற்கு, போகிறவர் திரும்பி வருவார் என்று வீட்டில் ஒருவர் பிணை நிற்க வேண்டும். அண்ணாதான் பிணை நின்றார். பத்து நாளில் வந்துவிடுவேன் என்று மகனுக்குச் சொல்லிவிட்டுப் பெரியம்மா பஸ் ஏறினார். கண் நன்றாகச் சுகமாகியது. அதற்குள் சண்டை பெருத்துப் பாதை அடைபட்டுவிட்டது. தாய் கொழும்பில், வெள்ளவத்தையில்; மகன் உள்ளே. அண்ணாவிடமிருந்து வந்த கடைசிச் செய்தி, இடம்பெயர்ந்து கிழக்கே போய்க்கொண்டிருக்கிறோம் என்பது. அதற்குப் பிறகு ஒன்றும் இல்லை.

இவ்வளவும் எனக்கு அப்போதே தெரியும். எங்கள் வீட்டில் பிள்ளைகளுக்கு மறைத்துக் கதைக்கும் வழக்கம் இல்லை, மறைத்துக் கதைக்க அறைகளும் இல்லை. ஆனால் இந்தப் பாஸ் கதை எனக்குப் பாடசாலையில் சொல்லித்தரும் வைக்கிங் கதை மாதிரி, எங்கேயோ நடந்ததாகவே இருந்தது. பிணை நிற்பது என்றால் ஒரு இடத்தில் அசையாமல் நிற்பது என்று நினைத்திருந்தேன். அண்ணாவுக்குக் கால் வலிக்காதா என்று ஒருமுறை கேட்டும் இருக்கிறேன்.

வெள்ளவத்தையில் பெரியம்மா தூரத்து உறவான ஒரு மாமி வீட்டில் ஓர் அறையில் இருந்தார். அந்த மாமி வாரம் தவறாமல் அம்மாவுக்குத் தொலைபேசி எடுப்பார். எடுத்தால் ஒரே முறைப்பாடு. உங்கள் அக்கா சாப்பிடுகிறா இல்லை. குளிக்கிறா இல்லை. உடுத்த சேலையோடு தொலைபேசிக்குப் பக்கத்தில் கதிரை போட்டு உட்கார்ந்திருக்கிறா. வீட்டுக்கு யாராவது போன் எடுத்தால் அவவுடைய முகத்தைப் பார்க்கவே பயமாக இருக்கிறது.

அம்மா காசு அனுப்பினார். பெரியம்மா அதைத் தொடவில்லை. மாமியின் அலுமாரிக்குள் அப்படியே வைத்துவிட்டு அம்மாவுக்குப் போன் எடுத்து ஏசினார்.

"நான் என்ன கையேந்திறனோ? இருவத்தெட்டு வருசம் படிப்பிச்சுச் சம்பளம் எடுத்தவள் நான். சும்மா வாற காசு எனக்கு வேண்டாம்."

அம்மா அன்றிரவு முழுக்க அழுதார். அடுத்த நாள் காலை அப்பா தன்னுடைய திட்டத்தை வெளியிட்டார். நான் சொக்கலேட் தகடு வைத்த பாணைச் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன்.

"கொக்காவுக்குச் சும்மா காசுதானே வேண்டாம்? அப்ப சம்பளம் குடுப்பம்" என்றார் அப்பா, அம்மாவின் அக்காவைச் சொல்லி.

"என்ன வேலைக்கு?"

அப்பா நாடியால் என்னைக் காட்டினார். "உவளுக்குக் கணக்கு ஓடாது."

"அவளுக்கு நல்லாத்தானே ஓடுது?"

"அது கொக்காவுக்குத் தெரியுமோ? ஆயிரம் பொய் சொல்லிக் கலியாணம் செய்து வைக்கலாமெண்டா, ஒரு பொய் சொல்லி ரியூசன் வைக்கேலாதோ?"

அம்மா யோசித்தார். எனக்காகப் பரிந்து ஒரு சொல் சொல்வார் என்று பார்த்தேன். சொல்லவில்லை. இந்த நாட்டில் அந்த வயதுப் பிள்ளைகளுக்குப் புள்ளி போடமாட்டார்கள். ஆகவே நான் கெட்டிக்காரி என்பதற்கு எங்கள் வீட்டில் ஓர் அத்தாட்சியும் இருக்கவில்லை. மனக்கணக்கில் வகுப்பிலேயே நான்தான் கெதியானவள். அது எனக்கும் என்னுடைய டெனிஷ் ரீச்சருக்கும் மட்டும்தான் தெரியும்.

அன்று மாலை அப்பா கொழும்புக்குப் போன் எடுத்தார். நான் அதே அறையில் இருக்கும்போதே, கடல் தாண்டி என் மானம் போயிற்று.

"மொக்கு எண்டா மொக்கு, அக்கா. ஏழெட்டு எத்தினை எண்டு கேட்டா முகட்டைப் பாத்துக்கொண்டு நிக்கிறாள். இஞ்சத்தைப் பள்ளிக்கூடத்திலை வாய்ப்பாடு பாடமாக்க விடாங்கள். எல்லாத்துக்கும் விளையாட்டு. நீங்கள் ஒருக்காக் கை குடுத்தால்தான் இந்தப் பிள்ளை உருப்படும்."

நான் ஏழெட்டு ஐம்பத்தாறு என்று டெனிஷ் மொழியில் கத்தினேன். அப்பா ஒலிவாங்கியைக் கையால் பொத்தினார்.

இப்படித்தான் எங்கள் வீட்டில் இணையவழிக் கல்வி தொடங்கியது. அப்பா ஒரு வெப் கமெராவும் ஹெட்போனும் வாங்கிவந்தார். கணினியின் பூத்துணி கழற்றப்பட்டது. திங்கள், புதன், வெள்ளி, அம்மா வேலையால் வந்த கையோடு மூன்று மணிக்கு வகுப்பு. அங்கே அப்போது ஏழரை மணி. பெரியம்மா காலி வீதி என்கிற பெருந்தெருவுக்கு வந்து, போனும் இணையமும் வாடகைக்குத் தரும் ஒரு கொமினிகேஷன் கடையில் பலகை அடித்த சின்னக் கூட்டுக்குள் இருந்து படிப்பிப்பார். கமெராவில் பெரியம்மா தெரிந்த முதல் நாள், நான் எதிர்பார்த்த அழுக்குச் சேலைப் பெரியம்மா வரவில்லை. திருநீறு பூசி, தலை வாரி, கஞ்சி போட்ட நூல் சேலை உடுத்த ஒரு ரீச்சர் வந்தார். மடியில் ஒரு பெரிய கொப்பி, கையில் தடித்த மார்க்கர் பேனை. கணக்கை எழுதிக் கமெராவுக்கு நேரே பிடிப்பார். சத்தம் முதலில் வரும், வாய் பிறகு அசையும்.

"என்ன பிள்ளை, சுகமே? வாய்ப்பாடு சொல்லு பாப்பம்."

என்னை மொக்கு என்று சொன்னவர்களுக்குப் பாடம் படிப்பிக்கும் நேரம் வந்துவிட்டதென்று நான் தீர்மானித்தேன். அவர் கேட்டு முடிக்கும் முன்னே விடை சொன்னேன். வாய்ப்பாட்டை மேலிருந்து கீழும், கீழிருந்து மேலும் சொன்னேன். வகுத்தல் கணக்கைக் கொப்பியில் எழுதாமலே செய்து காட்டினேன். எங்கள் டெனிஷ் ரீச்சர் எப்போதும், விடையை விடு, நீ எப்படி யோசித்தாய் என்று சொல் என்பார். பெரியம்மாவுக்கு அந்த யோசனையெல்லாம் வேண்டாம். விடை சரியென்றால் அடுத்த கணக்கு. ஆகவே நாங்கள் பறந்தோம். இரண்டாவது வாரம் முடிவதற்குள் பெரியம்மா மார்க்கர் பேனையை மூடிவிட்டு அம்மாவைக் கூப்பிடச் சொன்னார்.

"உன்ரை பெட்டைக்கு ஒரு குறையும் இல்லை. உன்ரை மனுசனுக்கு ஆர் சொன்னது இவளுக்குக் கணக்கு ஓடாதெண்டு? நீங்கள் ஏன் காசைக் கரியாக்கிறியள்? வாற வெள்ளியோடை நிப்பாட்டுவம்."

எனக்குப் புளுகத்தில் சந்தோஷம் தாங்கவில்லை. திரும்பி அம்மாவைப் பார்த்தேன். அம்மாவின் முகத்தில் இரத்தம் இல்லை.

ஏனென்றால் அந்த வாரம் வெள்ளவத்தை மாமி எடுத்த போனில் முறைப்பாடு இருக்கவில்லை. உங்கள் அக்கா இப்போது வகுப்பு நாட்களில் மத்தியானமே குளித்துச் சேலை அழுத்தி வைக்கிறா, வகுப்புக்குப் போகமுதல் ஒரு பிடி சோறும் சாப்பிடுகிறா, வகுப்பில்லாத நாளில் கணக்கு எழுதிவைக்கிறா என்று மாமி சொல்லியிருந்தார். அந்த ஒரு பிடி சோற்றைத்தான் நான் என்னுடைய கெட்டித்தனத்தால் தட்டிவிடப் பார்த்தேன். பிள்ளை உருப்பட்டுவிட்டால் ரீச்சருக்கு வேலை இல்லை. பெரியம்மா மறுபடியும் தொலைபேசிக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்துவிடுவார்.

அப்பா என்னைக் குசினி மேசையில் இருத்திப் பயிற்சி தொடங்கினார்.

"ஏழெட்டு எத்தினை?"

"ஐம்பத்தாறு."

"ஐம்பத்திநாலெண்டு சொல்லு."

"ஏன்?"

"பெரியம்மா திருத்துவா. திருத்தினா அவவுக்கு ஒரு ஆறுதல்."

அது பொய் என்றேன். பொய் சொல்லக்கூடாது என்று பாடசாலையில் சொல்லியிருக்கிறார்கள் என்றேன். எனக்கு இப்படி நியாயம் கதைக்கும்போது டெனிஷ்தான் வரும். அப்பா தமிழில் பதில் சொன்னார்.

"அது பொய் இல்லை. பிழை. பிழை ஆரும் விடலாம்."

அதற்கு மேல் டெனிஷ் மொழியில் எனக்கு வாதம் வரவில்லை. இருந்தாலும் கூலி கேட்டேன். இங்கே பிள்ளைகளுக்கு வெள்ளிக்கிழமைதான் இனிப்பு. கடையில் பையை எடுத்து, விரும்பியதை அள்ளிப் போட்டு நிறுத்து வாங்குவது. மற்றப் பிள்ளைகளின் பையைவிட என்னுடைய பை எப்போதும் மெலிந்திருக்கும். வாரம் முழுக்க ஒழுங்காகப் பிழை விட்டால் வெள்ளிக்கிழமைப் பையை நிரப்பித் தருவதாக அப்பா ஒப்புக்கொண்டார். உலகத்தில் பிழை விடுவதற்குச் சம்பளம் வாங்கிய மாணவி நானாகத்தான் இருப்பேன். ரீச்சருக்கும் சம்பளம், மாணவிக்கும் சம்பளம். இரண்டையும் உழைக்க அப்பா சனிக்கிழமைகளிலும் வேலைக்குப் போகத் தொடங்கினார். குளிர் அறைக்குள் நின்று பன்றித் தொடைகளைத் தூக்கி மாட்டும் வேலை. பெரியம்மா வாழ்நாளில் முட்டைகூடத் தொடாத சைவம். அப்பா வேலை செய்வது என்ன தொழிற்சாலை என்று அவர் கேட்டால், சாப்பாட்டுச் சாமான் பெட்டியில் அடைப்பது என்று அம்மா சொல்வார். அதுவும் பொய் இல்லை.

மூன்றாவது வாரத் திங்கட்கிழமை நான் ஏழெட்டு ஐம்பத்திநாலு என்றேன். பெரியம்மா என்னைச் சற்று நேரம் பார்த்தார். இணையம் இறுகிவிட்டதாக்கும் என்று நினைத்தேன். பிறகு சொன்னார்.

"அப்பிடியே? சரி. எழுது. ஏழெட்டு ஐம்பத்தாறு. பத்துத் தரம்."

வகுப்பை நிறுத்தும் கதை அதோடு போயிற்று. அம்மா எனக்குத் தெரியாமல் சாமிப் படத்துக்குக் கற்பூரம் கொளுத்தினார்.

இப்போது நானும் கணக்குப் படிப்பிக்கிறவள். தெரியாத பிள்ளை விடும் பிழைக்கு ஒரு வழி இருக்கும். கடன் வாங்கிக் கழிக்கும்போது வாங்கியதை மறந்திருக்கும், அல்லது பின்னத்தில் மேலே இருப்பதையும் கீழே இருப்பதையும் ஒன்றாகக் கூட்டியிருக்கும். எங்கே வழுக்கியதென்று பின்னால் போய்ப் பார்க்கலாம். திங்கட்கிழமை விட்ட அதே பிழையைப் புதன்கிழமையும் விடும். நான் திங்கட்கிழமை ஏழெட்டில் விழுந்து, புதன்கிழமை அதைக் கண்ணை மூடிக்கொண்டு சொல்லிவிட்டு, ஐயாறு முப்பத்தேழு என்று உளறுவேன். பெரிய வகுத்தலைச் சரியாகச் செய்து, கடைசியில் ஒன்றைக் கூட்டி எழுதுவேன். பல் வலிக்கிறதென்று சொல்லிக் காதைப் பொத்தும் பிள்ளை மாதிரி. அப்பாவும் அம்மாவும் கணக்கு ரீச்சர்கள் இல்லை. அவர்களுக்கு என் நடிப்பில் முழுத் திருப்தி.

மார்ச் மாதக் கடைசியில் ஒரு கூத்து நடந்தது. அந்த ஞாயிற்றுக்கிழமை எங்கள் மணிக்கூடுகளைக் கோடைகாலத்துக்காக ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளினோம். இது வருடாவருடம் செய்வதுதான். வெள்ளவத்தையில் யாரும் மணிக்கூட்டைத் தள்ளவில்லை என்பது ஒருவருக்கும் நினைவு வரவில்லை. திங்கள் மூன்று மணிக்கு உட்கார்ந்தோம். பெரியம்மா இல்லை. மூன்றேகாலுக்கும் இல்லை. அம்மா மாமி வீட்டுக்குப் போன் எடுத்தார், மணி அடித்துக்கொண்டே இருந்தது. கொழும்பில் வன்னி ஆட்களைப் பதிவு, விசாரணை என்று பொலிஸ் கூட்டிப் போகும் காலம். அல்லது மகனைப் பற்றி ஏதாவது செய்தி வந்திருக்க வேண்டும். அம்மா இரண்டையும் மாற்றி மாற்றிச் சொல்லித் தலையில் அடித்துக்கொண்டார். அப்பாவுக்கும் சொல்ல, அவர் தொழிற்சாலை உடுப்போடு அரை வேலையில் ஓடி வந்தார். நாலு மணிக்குக் கணினி மணி அடித்தது. பெரியம்மா, திருநீறும் கொப்பியுமாக.

"என்ன, குடும்பமா நிண்டு அழுகிறியள்? ஆருக்கு என்ன?"

அம்மா அழுகையோடு சிரித்தார். அப்பா மணிக்கூட்டைப் பார்த்து, கொழும்பு நேரத்தைக் கூட்டிக் கழித்து, நெற்றியில் அடித்தார். வீட்டில் கணக்குப் படிக்க வேண்டியது யார் என்று அன்று நான் கேட்டேன்.

ஏப்ரல், மே மாதங்களில் எங்கள் வீடு வீடாக இருக்கவில்லை. தொலைக்காட்சி நிற்காமல் ஓடியது. சோறு வெந்தது, கறி இல்லை. அப்பா விடுப்பு எடுத்து, பஸ் பிடித்து, சண்டையை நிறுத்தச் சொல்லிக் கோபன்ஹேகனில் பாராளுமன்றத்துக்கு முன்னால் போய் நின்றுவிட்டு வருவார். ஒரு சனிக்கிழமை என்னையும் கூட்டிப்போனார்கள். பக்கத்து ஹ்விடோவ்ரேயிலிருந்து வந்த ஒரு குடும்பம் எங்களுக்கு இடியப்பப் பார்சல் தந்தது. எல்லோரும் கத்தினார்கள், நானும் கத்தினேன். சைக்கிளில் போன டெனிஷ்காரர்கள் வேகத்தைக் குறைத்து எங்களைப் பார்த்துவிட்டுப் போனார்கள். திங்கட்கிழமை பாடசாலையில், வார இறுதியில் என்ன செய்தாய் என்று கேட்டபோது, கோபன்ஹேகனுக்குப் போனோம் என்றேன். அங்கே கடற்கன்னிச் சிலை பார்த்தாயா என்றார்கள்.

இந்த நாட்களில் எங்கள் வீட்டில் ஒழுங்காக நடந்த ஒரே விஷயம் என்னுடைய வகுப்புத்தான். பெரியம்மா ஒரு நாளும் பிந்தவில்லை. அண்ணாவைப் பற்றி ஒரு சொல் கதைக்கமாட்டார். ஆனால் அந்த நாட்களில் அவரிடம் ஒரு புதுப் பழக்கம் வந்தது. நான் அலுப்பில் பிழை விட மறந்து எல்லாவற்றையும் சரியாகச் செய்துவிட்டால், கொப்பியைக் கமெராவுக்குக் கிட்டக் கொண்டுவரச் சொல்லிக் கண்ணைச் சுருக்கிப் பார்ப்பார்.

"மூண்டாவது பிழை மாதிரிக் கிடக்குது. திருப்பிச் செய் பாப்பம்."

நான் திருப்பிச் செய்வேன். அதே விடைதான் வரும்.

"இன்னொருக்காச் செய்."

கணக்கு ரீச்சருக்குச் சரியான விடை தெரியவில்லையே என்று நான் வெட்கப்பட்டேன். அவருக்காக விடையை மாற்றி எழுதுவேன். இப்போதுதான் பிழை என்று சொல்லி, முதல் வரியிலிருந்து தொடங்கி, ஒரு வரியும் விடாமல் விளங்கப்படுத்துவார். கடைசியில் என்னுடைய பழைய விடைக்கே வந்து சேருவோம். ஒரு நாள் பொறுக்க முடியாமல் அம்மாவிடம் முறையிட்டேன், பெரியம்மாவுக்குக் கணக்குத் தெரியாது என்று.

"ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் எண்டாளாம்" என்றார் அம்மா.

எல்லாம் முடிந்துவிட்டது என்று தொலைக்காட்சி சொன்ன நாளும் ஒரு வகுப்பு நாள். அம்மா காலையிலிருந்து கட்டிலை விட்டு எழும்பவில்லை. அப்பா யன்னலோடு நின்றார். இன்றைக்குப் பெரியம்மா வரமாட்டார், கணினியைத் திறக்க வேண்டாம் என்றார். நான் பழக்கத்தில் திறந்துவிட்டேன். மணி அடித்தது.

பெரியம்மா சேலை உடுத்துத் தலை வாரியிருந்தார். வாய்ப்பாடு கேட்டார். சொன்னேன். ஹெட்போனுக்குள் பட்பட்டென்று ஒரு சத்தம், பிறகு நிறுத்தாமல் சரம் சரமாக. யாரோ வீதியில் கூக்குரல் போட்டுப் பாட்டுப் பாடினார்கள்.

"பெரியம்மா, அங்கை என்ன, திருவிழாவோ?"

அவர் மார்க்கர் பேனையால் கொப்பியில் எழுதிக்கொண்டிருந்தார். தலையை நிமிர்த்தவில்லை.

"றோட்டிலை சனம் வெடி கொளுத்தினம். நீ கணக்கைப் பார்."

கொப்பியைத் தூக்கிப் பிடித்தார். வகுத்தல் கணக்கு. கொப்பி ஆடியதில் எழுத்துத் தெரியவில்லை. ஆடாமல் பிடியுங்கோ என்றேன். இரண்டு கையாலும் பிடித்தார். நான் செய்தேன். பிழை என்றார். திருப்பிச் செய்தேன். பிழை என்றார். மூன்றாம் தரமும் செய்தேன், மூன்றாம் தரமும் அதே விடை, மூன்றாம் தரமும் பிழை என்றார். ஒவ்வொரு தரமும் முதல் வரியிலிருந்து விளங்கப்படுத்தினார். அந்தச் சத்தத்துக்கு மேலால் கேட்பதற்காகக் குரலை உயர்த்திப் படிப்பித்தார். அன்று ஒரு மணித்தியால வகுப்பு இரண்டு மணித்தியாலம் போயிற்று. கடைக்காரப் பொடியன் வந்து கதவில் தட்டிய பிறகுதான் எழும்பினார். எனக்குச் சரியான கோபம். இந்தப் பெரியம்மாவிடம் இனிப் படிக்கமாட்டேன் என்று சொல்வதற்கு அறைக்குப் போனேன். அம்மாவும் அப்பாவும் கட்டிலில் ஒருவரை ஒருவர் பிடித்துக்கொண்டு இருந்தார்கள். அப்பா அழுததை அன்றுதான் முதன்முதலாகப் பார்த்தேன். பயமாக இருந்தது. சொல்ல வந்ததைச் சொல்லாமல் திரும்பிவிட்டேன்.

அதற்குப் பிறகு பல வகுப்புகள் நடந்தன. வன்னிச் சனத்தை அடைத்துவைத்த முகாம்களில் அண்ணாவின் பெயர் இருக்கிறதா என்று ஆள் ஆளாக விசாரித்தார்கள். அம்மா தெரிந்தவர், தெரியாதவர் எல்லோருக்கும் போன் எடுத்தார். கிடைக்கவில்லை. பெரியம்மா மெலிந்துகொண்டே வந்தார், சேலைக் கஞ்சி மட்டும் குறையவில்லை. நாங்கள் பின்னத்துக்கு வந்துவிட்டோம்.

ஜூன் மாதம், கோடை விடுமுறைக்குக் கிட்டடியில், ஒரு வெள்ளிக்கிழமை. வெளியே நல்ல வெயில். எல்லாப் பிள்ளைகளும் வாவியில் நீந்தப் போயிருந்தார்கள். பெரியம்மா அன்று பின்னத்தில் கூட்டல், கழித்தல் எல்லாம் கலந்து ஒரு பெரிய கணக்குத் தொகுதி தந்தார். வாவியில் என்னுடைய சிநேகிதிகள் காத்திருந்தபடியால் என்னுடைய வழக்கமான பிழைகளைக் கெதியாக விட்டேன். பெரியம்மா ஒவ்வொன்றாக எடுத்து, அவசரமில்லாமல், பொறுமையாகத் திருத்தினார். எல்லாம் முடிந்தது. மார்க்கர் பேனையை மூடினார். கொப்பியை மடித்தார்.

"கொம்மா நிக்கிறாவோ? வரச் சொல்லு."

அம்மா ஈரக்கையோடு வந்தார்.

"மகன் இருக்கிறான்" என்றார் பெரியம்மா. "வவுனியா ஆசுப்பத்திரியிலை. காலிலை காயம். காலமை கதைச்சனான். அவன்தான், அவன்ரை குரல்தான்."

அம்மா அப்படியே நிலத்தில் குந்திவிட்டார். பிறகு தலையை நிமிர்த்திக் கமெராவைப் பார்த்துக் கேட்டார்.

"காலமையோ? ஏனக்கா இவ்வளவு நேரமும் சொல்லேல்லை? ஒரு மணித்தியாலமா இவளோடை பின்னம் கதைச்சுக்கொண்டு இருக்கிறீங்கள்!"

"வகுப்பு நேரத்திலை வேறை கதை என்ன?"

சொல்லிவிட்டுப் பெரியம்மா சேலைத் தலைப்பை எடுத்து முகத்தை மூடினார். அவருடைய தோள் குலுங்கியது. கேவல் முதலில் வந்தது, குலுக்கம் பிறகு தெரிந்தது. அக்காவும் தங்கச்சியும் இரண்டு பக்கமும் இருந்து அழுதார்கள். நடுவில் நான் ஹெட்போனோடு இருந்தேன்.

பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"நான் நாளைக்கு வவுனியாவுக்கு வெளிக்கிடுறன், பிள்ளை. இனி வகுப்பு இல்லை."

"ஓம், பெரியம்மா."

"இனி நீ சரியாய்ச் செய்யலாம்."

அவர் சிரித்தார். அந்தக் கூட்டுக்குள் பெரியம்மா சிரித்து நான் பார்த்தது அது ஒன்றுதான். பிறகு படம் போய்விட்டது.

நான் அப்பாவிடம் ஓடினேன். அப்பா வேலையால் வந்து, முதுகுக்குச் சுடுதண்ணிப் பை வைத்து அறை நிலத்தில் நீட்டி நிமிர்ந்து படுத்திருந்தார். அண்ணா இருக்கிறாராம் என்று முதலில் சொன்னேன். அப்பா கையெடுத்துக் கும்பிட்டார். பிறகு என்னுடைய செய்தியைச் சொன்னேன். நான் பாஸ். பெரியம்மாவே சொல்லிவிட்டார், அவர் படிப்பித்ததில் எனக்குக் கணக்கு வந்துவிட்டதாம், இனிமேல் சரியாகச் செய்வேனாம்.

"என்ன சொன்னவ? அவ சொன்ன மாதிரியே சொல்லு."

பெரியம்மாவின் குரலிலேயே சொல்லிக் காட்டினேன். அப்பா கொஞ்ச நேரம் முகட்டைப் பார்த்தபடி கிடந்தார். பிறகு சிரிக்கத் தொடங்கினார். முதுகு வலிக்க, ஐயோ ஐயோ என்று இடுப்பைப் பிடித்துக்கொண்டு, கண்ணால் தண்ணி ஓடச் சிரித்தார். அம்மாவைக் கூப்பிட்டு, கொக்கா என்ன சொன்னவ எண்டு கேட்டனீரோ என்றார். அம்மா வாசலில் நின்று வாயைப் பொத்திக்கொண்டார்.

ஒரு பிள்ளை பாஸாகியதில் சிரிக்க என்ன இருக்கிறதென்று எனக்கு விளங்கவில்லை. கேட்டுப் பார்த்தேன், இருவரும் சொல்லவில்லை. நானும் விட்டுவிட்டேன். அன்று வெள்ளிக்கிழமை. இனிமேல் பிழை விடத் தேவையில்லை என்றால் இனிப்புப் பை கிடைக்குமா கிடைக்காதா என்பதுதான் எனக்கு அப்போது இருந்த ஒரே கவலை.